அண்ணி உடனே தலையசைத்தாள்

இதையெல்லாம் நான் சரியாகத்தான் நினைவில் வைத்திருக்கிறேனா என்று எனக்கே சந்தேகம். இதை எனக்குச் சொன்னவள் இரண்டு தடவை சொன்னாள். முதல் தடவை சொன்னபோது அந்த மௌனம் இரண்டு விநாடி என்றாள். ஒரு வருஷம் கழித்து மறுபடியும் சொன்னபோது ஒன்றரை என்றாள். அரை விநாடிக்குப் போய் இவ்வளவு கணக்குப் பார்ப்பானேன் என்று நீங்கள் கேட்கலாம். அவளுக்கு அது பெரிய விஷயம். அவளிடம் கேட்டதைக் கேட்டபடி சொல்வதாகத்தான் நினைத்துக்கொண்டிருக்கிறேன். நடுவில் நானாக எதையாவது சேர்த்திருந்தால், அது எனக்குத் தெரியாமல் சேர்ந்ததாக இருக்கும்.

அவளை எல்லோரும் ‘எதிர்க்குரல்’ என்று கூப்பிட்டார்கள். அதுதான் அவள் வேலை. நாடகத்துக்கோ தொலைக்காட்சித் தொடருக்கோ நடிகர்களைத் தேர்வு செய்யும்போது, நடிக்க வந்தவர் தன் வசனத்தைப் பேசுவார். எதிரில் இருப்பவரின் வசனத்தை யாராவது படித்தாக வேண்டும். அதை அவள் படித்தாள். காலையில் கணவனாக, மதியம் மாமியாராக, சாயங்காலம் போலீஸ்காரராக. பதினோரு வருஷம். அவள் நாற்காலி கேமராவை ஒட்டிப் போட்டிருக்கும். நடிக்க வந்தவர்கள் அவள் கண்ணைப் பார்த்துத்தான் அழுதார்கள், கெஞ்சினார்கள், கன்னத்தில் அறையக் கை ஓங்கினார்கள். படத்தில் அவள் வரமாட்டாள். அவள் குரல் மட்டும் எங்கோ பக்கத்து அறையில் பேசுவது போலக் கேட்கும்.

அவளுக்கு ஒரே ஒரு கர்வம் உண்டு. முதலில் வருகிறவருக்கும் கடைசியில் வருகிறவருக்கும் ஒரே மாதிரி படிப்பாள். பிடித்தவர், பிடிக்காதவர் என்று ஒரு எழுத்துக்கூடக் குரலில் ஏறாது.

“இந்தக் கட்டடத்துல நான் நம்பறது ரெண்டு விஷயம்தான். ஒண்ணு ஒலிக்காரரோட காது. இன்னொண்ணு எதிர்க்குரலோட வாய்,” என்று இயக்குநர் வருகிறவர்களிடமெல்லாம் சொல்வார்.

இயக்குநர் ஒல்லியான மனிதர், பென்சில் முனையைக் கடித்துக் கடித்தே பேசுகிறவர். அந்த வருஷம் அவர் ஒரு பழைய நாவலைத் தொடராக எடுக்கக் கிளம்பியிருந்தார். எழுதி எண்பது வருஷம் ஆன நாவல். பள்ளிக்கூடப் பாடத்தில் அதிலிருந்து ஒரு பகுதியாவது படிக்காதவர்கள் கிடையாது. ஒரு வீடு. நோயாளி அப்பா, வேலைக்குப் போகும் அண்ணன், வீட்டோடு இருக்கும் அண்ணி, வெளியூருக்குப் படிக்கப் போகும் தங்கை. கதை முழுவதையும் தங்கைதான் சொல்கிறாள். முந்நூறு பக்கத்தில் அண்ணி பேசுவது மொத்தம் நாற்பது வரி இருந்தால் அதிகம். அவள் எப்படி இருப்பாள் என்பதற்கு ஒரே ஒரு வாக்கியம்: அண்ணிக்குக் கைகள் பெரியவை.

இயக்குநர் அந்தக் கதையை அண்ணியின் பக்கத்திலிருந்து சொல்லப்போவதாக அறிவித்தபோது தயாரிப்பாளருக்குத் தேநீர் புரையேறியது.

“கதை சொல்றது தங்கச்சிப்பா. ஊரே படிச்சிருக்கு. மாத்தினா சும்மா விடுவாங்களா?”

“தங்கச்சி ஊர்லயே இல்ல சார். பாதிக் கதை நடக்கறப்ப அவ விடுதியில உக்காந்திருக்கா. யாரோ சொன்னதை வச்சு எழுதறா.”

“சரி, அதை விடு. பெரிய கைன்னு போட்டிருக்கே, அதுக்கு என்ன வழி? நம்ம கதாநாயகிக்குக் கை பொம்மைக்கை மாதிரி இருக்கும். ஜனங்க முகத்தைப் பாக்க வருவாங்களா, கையைப் பாக்க வருவாங்களா?”

“அதான் சார், தெரிஞ்ச முகம் வேண்டாம்கறேன்.”

“தெரியாத முகத்தை எதுக்குப்பா பாக்கணும்,” என்றார் தயாரிப்பாளர். ஆனாலும் ஒரு வாரம் அவகாசம் கொடுத்தார். யார் வேண்டுமானாலும் வரலாம், யாரும் சரிப்படவில்லை என்றால் அவர் சொல்கிற நடிகை. அப்படித்தான் ஒப்பந்தம்.

தேர்வுக்கு இயக்குநர் எடுத்துக்கொண்ட காட்சி நாவலில் இரண்டே வரி. வெளியூர் கிளம்பும் தங்கை எழுதுகிறாள்: அப்பாவைப் பார்த்துக்கொள்வீர்கள்தானே என்று கேட்டேன். அண்ணி உடனே தலையசைத்தாள்.

“இந்த ‘உடனே’ இருக்கே,” என்று இயக்குநர் பென்சிலால் அந்தச் சொல்லைத் தட்டிக் காட்டினார். “இதைச் சொல்றது யாரு? போக வேண்டியவ. அவளுக்கு உடனேதான் தெரியும். அண்ணிகிட்ட போய்க் கேட்டாத்தான் எவ்வளவு நேரம் ஆச்சுன்னு தெரியும்.”

அதனால் அவர் எழுதிய வசனத்தில் ‘உடனே’ இல்லை. அங்கே ஒரு மௌனம் இருந்தது. தங்கை கேட்கிறாள். அண்ணி தலைகுனிந்து உட்கார்ந்திருக்கிறாள். அவள் தலை நிமிரும்வரை தங்கை காத்திருக்க வேண்டும். நிமிர்ந்த பிறகுதான் தங்கை, “சொல்லுங்க அண்ணி,” என்பாள். அண்ணி, “போயிட்டு வா,” என்பாள். அவ்வளவுதான் காட்சி.

“அவங்க நிமிர்ற வரைக்கும் நீங்க வாயைத் திறக்கக் கூடாது,” என்று எதிர்க்குரலிடம் சொன்னார் இயக்குநர். “அரை மணி நேரம் ஆனாலும் சரி. அந்த மௌனத்துலதான் ஆளைப் பிடிக்கப்போறேன்.”

அவள் சரி என்றாள். காத்திருப்பது அவளுக்குப் பழக்கம்.

அவளுக்கும் ஒரு அண்ணி உண்டு.

அண்ணன் தண்ணீர் வாரியத்தில் வேலை பார்த்தார். அண்ணி கல்யாணத்துக்கு முன் ஆறு வருஷம் மேடையில் நடித்தவள். கல்யாணம் ஆயிற்று, பிள்ளை பிறந்தான், வளர்ந்து வேறு ஊரில் வேலைக்குப் போனான். இனி என்ன என்று நிமிர்ந்த நேரத்தில் மாமனாருக்குப் பக்கவாதம் வந்து வலப்பக்கம் விழுந்துவிட்டது. நாலு வருஷமாக அவர் கட்டிலில். இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை அவரைப் புரட்டிப் படுக்க வைக்க வேண்டும். இல்லாவிட்டால் முதுகு புண்ணாகிவிடும். அவருக்குப் பேச்சில் மிச்சம் இருந்தது ஏழெட்டுச் சொல். அதில் அதிகம் வருவது, “அம்மாடி.” அது மருமகளைக் கூப்பிடுவது.

எதிர்க்குரல் தனியாக ஒரு அறை எடுத்து இருந்தாள். நாலாவது மாடி, லிஃப்ட் இல்லை. சரிப்படாத கல்யாணம் ஒன்றிலிருந்து வெளியே வந்து, பல்லைக் கடித்துக்கொண்டு பிடித்த அறை. ஞாயிற்றுக்கிழமை பழம் வாங்கிக்கொண்டு அண்ணன் வீட்டுக்குப் போவாள், அப்பாவின் இடது கையைப் பிடித்துக்கொண்டு ஒரு மணி நேரம் உட்காருவாள், கிளம்பிவிடுவாள். அண்ணி ஒருநாளும் முகம் சுளித்ததில்லை. அவளும் அப்படித்தான் தன் தோழிகளிடம் சொல்லிக்கொண்டிருந்தாள்: எங்க அண்ணி சிரிச்ச முகமாவே எல்லாம் செய்வாங்க.

அப்படி ஒரு ஞாயிறு, இந்தத் தொடரைப் பற்றி வேடிக்கையாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். ஏற்கெனவே மூன்று நாளாகத் தேர்வு நடந்துகொண்டிருந்தது. வருகிறவர்கள் எல்லோரும் கையை முன்னால் நீட்டிக்கொண்டே உள்ளே வருவது, ஒருத்தி சட்டைக் கையை மடித்துவிட்டு மல்யுத்தக்காரி போல நின்றது.

அண்ணி துணியைப் பிழிந்துகொண்டிருந்தவள் நிறுத்தி, ஈரக் கைகளைத் தூக்கிப் பார்த்தாள். முன்பக்கம், பின்பக்கம்.

“என்னோடது தேறுமா பாப்பா?”

நாற்பத்தொரு வயசிலும் அண்ணிக்கு அவள் பாப்பாதான்.

“உங்களோடது ரெண்டு பேருக்குத் தேறும் அண்ணி.”

இருவரும் சிரித்தார்கள். அண்ணி சிரிப்பை முதலில் நிறுத்தினாள்.

“வயசு என்ன கேட்டிருக்காங்க?”

“நாப்பதுக்கு மேல.”

“நாளைக்கு வரலாமா?”

அவளுக்கு அப்போதுதான் இது வேடிக்கை இல்லை என்று உறைத்தது. “வாங்களேன்,” என்றாள்.

“நீ யாருன்னு அங்க சொல்லாதே. நாத்தனார் தயவுல வந்தேன்னு ஆயிடக் கூடாது. வந்தா என் கையை நம்பி வந்ததா இருக்கட்டும்.”

அன்று சாயங்காலம் அண்ணன் போன் பண்ணினார். அவருக்குச் சந்தோஷமா கவலையா என்று குரலில் பிரித்துச் சொல்ல முடியவில்லை.

“உங்க அண்ணி கண்ணாடி முன்னால நிக்கறா. இருபத்தஞ்சு வருஷத்துக்கு அப்புறம்.”

“நல்லதுதானே அண்ணா.”

“நல்லதுதான். எட்டு மாசம் ஷூட்டிங்காமே, வெளியூர்ல. அவ போயிட்டா அப்பா உன்கிட்டதான், தெரியும்ல? எனக்கு ஷிப்டு.” கொஞ்சம் நிறுத்தி, “சும்மா சொன்னேன். கிடைக்கட்டும் முதல்ல,” என்றார்.

போனை வைத்துவிட்டு அவள் தன் அறையைச் சுற்றிப் பார்த்தாள். கட்டிலை எங்கே போடுவது. அப்பாவை நாலு மாடி எப்படி ஏற்றுவது. இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை என்றால் வேலைக்கு எப்படிப் போவது. ஒவ்வொன்றாக யோசித்தாள். யோசித்தது தப்பு இல்லை, யார்தான் யோசிக்கமாட்டார்கள் என்று என்னிடம் சொன்னாள். அதைச் சொல்லும்போது அவள் என் முகத்தைப் பார்க்கவில்லை.

தேர்வு அறை ஒரு டயர் கடையின் மாடியில் இருந்தது. சன்னல்களைப் பழைய மெத்தைகளால் அடைத்திருந்தார்கள். தரையில் மஞ்சள் ஒட்டுத்தாளில் ஒரு பெருக்கல் குறி, அதன் மேல் ஒரு முக்காலி. ஒவ்வொரு முறை எடுக்கும்போதும் மின்விசிறியை ஒலிக்காரர் நிறுத்திவிடுவார், சத்தம் பதிவாகிவிடும். விசிறி நின்றதும் அறையில் எல்லோருடைய மூச்சும் கேட்கும்.

அண்ணிக்கு இருபத்துமூன்றாம் எண். சாதாரணப் பருத்திச் சேலை கட்டியிருந்தாள். உள்ளே வந்தவள் எதிர்க்குரலைப் பார்த்து, யாரோ ஒருவரைப் பார்ப்பது போல வணக்கம் சொன்னாள். அதுவே நல்ல நடிப்புதான். முக்காலியில் உட்கார்ந்து கைகளை மடியில் வைத்தாள். இயக்குநர் பென்சிலை வாயிலிருந்து எடுத்தார்.

விசிறி நின்றது.

“அப்பாவை நீங்க பாத்துக்குவீங்கல்ல அண்ணி?” என்று அவள் படித்தாள்.

அன்று காலையிலிருந்து எட்டுப் பேரிடம் இதே வரியைப் படித்திருந்தாள். ஒன்பதாவது தடவை படித்தபோது, தாளில் இருந்த வரி அவளுடைய சொந்தக் கேள்வியாகிவிட்டது. அண்ணி தலையைக் குனிந்தாள். தன் கைகளைப் பார்க்கவில்லை, அதுவரை நடிக்க வந்த மற்ற எல்லோரும் தங்கள் கைகளைத்தான் பார்த்தார்கள். அவள் தரையில் ஒரு இடத்தைப் பார்த்தாள், அங்கே என்னவோ சிந்திக் கிடப்பது போல, அதை யார் துடைப்பது என்று யோசிப்பது போல. அவள் தோள் மெல்ல இறங்கியது. இந்த மௌனம் இப்படியே போனால் என்ன ஆகும் என்று எதிர்க்குரலுக்குத் தெரிந்துவிட்டது. பதினோரு வருஷத்தில் ஆயிரம் பேரைப் பார்த்தவளுக்கு அது தெரியாதா. இதோ, இவளேதான். வேறு யாரும் இல்லை. வேடம் கிடைத்துவிட்டது.

“சொல்லுங்க அண்ணி,” என்றாள்.

அண்ணியின் தலை இன்னும் நிமிர்ந்திருக்கவில்லை.

குரல் கேட்டதும் நிமிர்ந்தாள். கண்ணில் ஏதோ ஒன்று வந்து போனது. “போயிட்டு வா,” என்றாள். வசனம் சரியாகத்தான் வந்தது.

இயக்குநர் புருவத்தைச் சுருக்கினார். “இன்னொரு தடவை போலாம்மா. கொஞ்சம் நிதானமா.”

இரண்டாவது தடவை அண்ணி முன்னைவிடச் சீக்கிரமாக நிமிர்ந்துவிட்டாள். குனிந்ததும் நிமிர்ந்ததும் ஒன்றாக இருந்தது. “போயிட்டு வா.” முடிந்தது. விசிறி மறுபடி சுற்றியது.

படிக்கட்டில் செருப்பைப் போட்டுக்கொண்டே அண்ணி கேட்டாள். “நல்லா இருந்துச்சா பாப்பா?”

“நல்லா இருந்துச்சு அண்ணி.”

“அப்பாவுக்கு நேரமாச்சு. வரேன்.”

ஒரு தப்பு கை தவறி நடந்துவிடலாம். அன்று மாலை இயக்குநர் எதிரில் வந்து உட்கார்ந்து கேட்டதற்கு அவள் சொன்ன பதில் கை தவறி வந்தது இல்லை. அதைத்தான் அவளால் மென்று விழுங்க முடியவில்லை.

“அந்த இருபத்துமூணு,” என்றார் அவர். “உள்ள வந்ததும் எனக்குத் தூக்கிவாரிப்போட்டுச்சு. நாவல்லேர்ந்து எழுந்து வந்த மாதிரி. அப்புறம் என்னமோ ஆயிடுச்சு. எதிர்ல இருந்தது நீங்கதானே, உங்களுக்கு எப்படித் தெரிஞ்சது?”

நான்தான் முந்திப் பேசிவிட்டேன் என்று சொல்ல அவளுக்கு அங்கே இடம் இருந்தது. இயக்குநர் காத்துக்கொண்டும் இருந்தார்.

“கொஞ்சம் அவசரப்படறாங்க,” என்றாள். “பழக்கம் விட்டுப்போச்சுபோல.”

அவர் எண்ணுக்குப் பக்கத்தில் எழுதினார்: கை சரி. அவசரம்.

வேடம் தயாரிப்பாளர் சொன்ன நடிகைக்குப் போனது. நல்ல நடிகைதான், குறை சொல்வதற்கில்லை. கை மட்டும் பொம்மைக்கை. அண்ணியின் பார்வையில் சொல்லும் கதை என்பதால் கேமரா அடிக்கடி அண்ணியின் கைகளையே பார்க்க வேண்டியிருந்தது. பாத்திரம் கழுவும் கை, கிழவரைப் புரட்டும் கை. அப்போது இயக்குநருக்கு ஞாபகம் வந்தது.

“அந்த இருபத்துமூணாம் நம்பர் அம்மாவைக் கூப்பிடுங்க. கை மட்டும் போதும். ரெண்டு நாள் வேலை.”

கூப்பிட்ட கடிதத்தை அண்ணி சிரித்துக்கொண்டே அண்ணனிடம் காட்டினாளாம். “பாத்தீங்களா, மிச்சத்தை வீட்டுலயே விட்டுட்டு வரச் சொல்றாங்க.”

அந்த இரண்டு நாளும் அப்பாவைப் பார்த்துக்கொள்ள எதிர்க்குரல் லீவு போட்டுக்கொண்டு அண்ணன் வீட்டுக்குப் போனாள். புரட்டுவது எப்படி என்று அண்ணி செய்து காட்டிவிட்டுப் போயிருந்தாள்: ஒரு கை தோளுக்கு அடியில், ஒரு கை இடுப்புக்கு அடியில், நம் மூச்சோடு சேர்த்துத் தூக்க வேண்டும், அவர் மூச்சோடு இல்லை. அவள் கை அப்பாவின் இடுப்புக்குப் பாதிவரைகூடப் போகவில்லை. மூன்று தடவை முயன்று, கடைசியில் கட்டில் மேல் முட்டி போட்டு ஏறிப் புரட்டினாள். அப்பா கண்ணை மூடிக்கொண்டே, “அம்மாடி,” என்றார்.

“அண்ணி இல்லப்பா. நான்தான்.”

“அம்மாடி,” என்றார் மறுபடியும்.

இரண்டாம் நாள் மத்தியானம் அவளுக்கு இடுப்பு விட்டுப்போயிற்று. இது நாலு வருஷமாக நடக்கிறது. சிரிச்ச முகமாவே எல்லாம் செய்வாங்க என்று ஊரெல்லாம் சொன்னது தான்தானே என்று நினைத்துக்கொண்டாள். அந்த வாக்கியம் அவள் காதில் வேறு யாரோ எழுதியது போலக் கேட்டது.

மறுநாள் அவள் ஒலிக்காரரிடம் போனாள். நாலு பேர் பேசும் இடத்தில் ஒரு வார்த்தைகூடப் பேசாத மனிதர். தேர்வுப் பதிவுகளை எல்லாம் அவர் அலமாரியில் வைத்திருந்தார்.

“இருபத்துமூணாம் எண் வேணும்,” என்றாள்.

அவர் தேடவில்லை. அது மேலேயே இருந்தது.

“நீங்க வருவீங்கன்னு நினைச்சேன்.”

“கவனிச்சீங்களா?”

“காதுக்குத்தானே எனக்குச் சம்பளம்.” கருவியில் பதிவைப் போட்டார். “எல்லாருக்கும் அஞ்சு விநாடி, ஏழு விநாடி. ஒருத்தருக்கு ஒன்பதுகூட ஆச்சு. நீங்க அசையாம இருந்தீங்க. இவங்களுக்கு மட்டும்…”

அவளே கேட்டாள். தன் குரல், தூரத்தில். மௌனம். மறுபடி தன் குரல். இரண்டு விநாடியா ஒன்றரையா என்ற குழப்பம் அங்கேதான் ஆரம்பம். அவர் எண்ணைப் படித்துச் சொன்னபோது அவள் காது அடைத்துக்கொண்டதாம்.

“யாரு அவங்க?” என்று கேட்டார் ஒலிக்காரர்.

“என் அண்ணி.”

அவர் ஹெட்போனைக் கழற்றி மேசையில் வைத்தார்.

இயக்குநரிடமும் அன்றே சொன்னாள். அவர் சத்தம் போடவில்லை. பென்சிலைக் கீழே வைத்தார்.

“பாதி எடுத்தாச்சு. இனிமே ஒண்ணும் பண்ண முடியாது.”

“தெரியும்.”

“அன்னிக்கு நான் கேட்டேனே. உங்களைத்தானே கேட்டேன்.”

“ஆமா.”

“அவங்க மேல பழியைப் போட்டு நானே எழுதி வச்சிருக்கேன்,” என்றார். பிறகு, “இனிமே நீங்க எதிர்ல உக்கார வேண்டாம்,” என்றார். அவளும் அதைத்தான் எதிர்பார்த்திருந்தாள்.

அண்ணன் பகல் ஷிப்டில் இருந்த ஒரு நாள் பார்த்து அண்ணியிடம் போனாள். அண்ணி அப்பாவின் கட்டிலுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து வெள்ளைத் துணிகளை மடித்துக்கொண்டிருந்தாள்.

“அன்னிக்கு நான் வேணும்னேதான் முந்திப் பேசினேன் அண்ணி.”

அண்ணி ஒரு துணியை மடித்து முடித்தாள்.

“எனக்கு அங்கயே தெரியும்.”

“எப்படி?”

“நானும் மேடை ஏறினவதானே. எதிர்ல இருக்கறவ மூச்சை இழுத்தா, பேசப்போறான்னு உடம்புக்குத் தெரியும். நீ இழுத்துட்டே. நான் இன்னும் பாதி தூரம்கூடப் போகல.”

“இரண்டாவது தடவை…”

“இரண்டாவது தடவை நீ ஒண்ணும் பண்ணல. உன் முகத்தைப் பாத்தேன். வேர்த்து ஊத்துது. இவ மறுபடியும் அதையே செஞ்சிட்டு அப்புறம் எப்படித் தூங்குவாள்னு இருந்துச்சு. நானே சீக்கிரம் நிமிர்ந்துட்டேன்.”

வேலை போனது, பெயர் போனது எல்லாம் ஒன்றுமே இல்லை, இந்த ஒரு வார்த்தைதான் தன்னை அடித்துப்போட்டது என்று என்னிடம் சொன்னாள். இருபத்தைந்து வருஷம் காத்திருந்த வேடத்தை அண்ணி அந்த முக்காலியில் உட்கார்ந்தபடியே, அவள் தூக்கத்துக்காக விட்டுக்கொடுத்திருக்கிறாள்.

“ஏன் அண்ணி சொல்லல?”

“என்னன்னு சொல்றது? நாத்தனார் காலை வாரிட்டான்னா? சொன்னா நீ ஞாயித்துக்கிழமையும் வராமப் போயிடுவே. அப்பா உன் கைக்காகக் காத்திருக்காரு.” அண்ணி அடுத்த துணியை எடுத்தாள். எடுத்தவள் மடிக்கவில்லை. “நான் நல்லவன்னு நினைச்சுக்காதே. உன்மேல எனக்குக் கோபம் இருக்கு. நிறைய இருக்கு. கடைக்குப் போறப்ப, தண்ணி பிடிக்கறப்ப எல்லாம் உன்னைத் திட்டறேன். கை ஷூட்டிங்ல அந்த நடிகையம்மா என் கையைத் தொட்டுப் பாத்து, ‘எப்படிங்க இப்படி ஆச்சு’ன்னு கேட்டாங்க. அப்பவும் உன்னைத்தான் திட்டினேன்.”

“திட்டுங்க அண்ணி.”

“ஒண்ணு கேக்கறேன். யோசிச்சுச் சொல்லு. அன்னிக்கு எனக்குக் கிடைச்சிருந்தா, எட்டு மாசம் நீ அப்பாவை வச்சுப் பாத்திருப்பியா?”

‘ஆமா’ என்று சொல்லத்தான் வாயைத் திறந்தாள். இவ்வளவு நடந்த பிறகு வேறு எதைச் சொல்வது. உடனே தலையசைத்திருந்தால் அண்ணி அதை ஏற்றுக்கொண்டும் இருப்பாள். ஆனால் சொல் வரவில்லை. அவள் தலை குனிந்தது. தரையில் மடிப்புக் கலைந்த ஒரு துணி கிடந்தது, அதைப் பார்த்தாள். விசிறி சுற்றியது. அப்பாவின் மூச்சு கேட்டது, தெருவில் யாரோ சைக்கிளை நிறுத்திப் பூட்டும் சத்தம் கேட்டது. நாலாவது மாடி அறை ஞாபகம் வந்தது, அதன் சன்னல், சன்னலில் அவள் காயப்போடும் ஒரே ஒரு துண்டு. எவ்வளவு நேரம் ஆயிற்று என்று தெரியாது. அதை யாரும் பதிவு செய்யவில்லை. அண்ணி மட்டும் அசையாமல் உட்கார்ந்து, அவள் நிமிரும்வரை காத்திருந்தாள்.

“தெரியல அண்ணி,” என்றாள் கடைசியில்.

“ம்,” என்றாள் அண்ணி. சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். “மணி ரெண்டாச்சு. அந்தப் பக்கம் போய்ப் பிடி. இடுப்புக்கு அடியில கையைக் கொடு. இன்னும் உள்ள.”

இருவரும் சேர்ந்து அப்பாவைப் புரட்டினார்கள்.

தொடர் முப்பது வாரம் ஓடியது. கதையை அண்ணி பக்கத்திலிருந்து சொன்னதற்கு ஆரம்பத்தில் கண்டனக் கடிதங்கள் வந்தன, பிறகு நின்றுபோயின. நடிகைக்குப் பரிசு கிடைத்தது. அவர் கைகளே நடித்தன என்று ஒரு பத்திரிகை எழுதியது. இயக்குநர் அதன் பிறகு பழைய நாவல் எதையும் எடுக்கவில்லை. ஒலிக்காரர் ஓய்வு பெற்றுத் தன் மகள் வீட்டில் இருக்கிறார். அந்தப் பதிவு அவரிடம்தான் இருக்கிறது என்கிறார்கள். எதிர்க்குரல் அறையைக் காலி செய்யவில்லை. ஆனால் வாரத்தில் மூன்று நாள் அண்ணன் வீட்டில் தங்கினாள். அந்த மூன்று நாளும் அண்ணி ஒரு சிறிய நாடகக் குழுவுக்குப் போனாள். இரண்டு நாடகத்தில் நடித்தாள், ஒன்றில் நீதிபதி, ஒன்றில் தாய். பிறகு முட்டிவலி வந்து நிறுத்திக்கொண்டாள். அப்பா பதினான்கு மாதம் கழித்து ஒரு வியாழக்கிழமை காலையில் இறந்தார். இரண்டு பேரும் பக்கத்தில் இருந்தார்கள். அண்ணன் ஓய்வு பெற்றுவிட்டார், பேரனைப் பள்ளிக்கூடம் கொண்டுபோய் விடுகிறார். எதிர்க்குரல் இப்போது கண் தெரியாதவர்களுக்காகப் புத்தகங்களைப் படித்துப் பதிவு செய்கிறாள். அந்த நாவலையும் படித்தாள், உள்ளது உள்ளபடி. ஞாயிற்றுக்கிழமை அண்ணன் வீட்டுக்குப் போவதை நிறுத்தவில்லை. அண்ணி அவளுக்குச் சாப்பாடு போடுகிறாள், நாலு வார்த்தை பேசுகிறாள், பாப்பா என்று இல்லாமல் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறாள்.